அந்தப் பிடில் எதுக்கு அழுகுது?

(ஆசிரியர்களுக்காகத் திருப்பூரில் நடைபெற்ற குறும்படப் பயிலரங்கில், இவ்வூரைச் சேர்ந்த இசையமைப்பாளர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்.)



பள்ளியை விட்டு வந்து இருபது ஆண்டுகள் ஆகின்றன. ஆனாலும் இத்தனை ஆசிரியர்களை ஒரே இடத்தில் பார்த்ததும், வீட்டுப்பாடம் எழுதாமல் வந்த பையனைப் போல உள்ளங்கை வியர்க்கிறது. என்னைச் ‘சுயாதீனத் திரைப்படங்களின் இசையமைப்பாளர்’ என்று அறிமுகப்படுத்தினார்கள். கேட்கப் பெரிதாக இருக்கிறது. நேரில் வந்து பார்த்தால் ஒரு மொட்டைமாடி அறை, ஒரு கணினி, ஒரு கீபோர்டு, இரண்டு மைக். அவ்வளவுதான். சுவர் முழுக்கப் பனியன் வேஸ்ட்டை அடைத்துத் தைத்த மெத்தைகளை மாட்டியிருக்கிறேன். எதிரொலியை உறிஞ்சுவதற்கு அதைவிட மலிவான பொருள் நம் ஊரில் கிடைக்காது.

சுயாதீனப் படம் என்றால் பெரிய நிறுவனத்தின் பணமோ பெரிய நடிகரோ இல்லாமல், இயக்குநரும் நண்பர்களும் கைக்காசைப் போட்டு எடுக்கும் படம். ஐந்து பாட்டு, அறிமுகப் பாட்டு எதுவும் இருக்காது. இசைக்கு ஒதுக்கும் தொகையில் ஒரு வயலின் கலைஞரை ஒரு நாளைக்கு அழைத்தாலே பாதி தீர்ந்துவிடும். மீதியை நானே வாசித்து, பதிந்து, கலந்து கொடுக்க வேண்டும்.

இந்தத் தொழில் உங்களுக்கு எதற்கு என்று நினைக்கலாம். இப்போது நீங்கள் எல்லோரும் படம் எடுக்கிறீர்கள். ஆண்டு விழாக் காணொலி, மாணவர் சேர்க்கைக்கான காணொலி, மன்றங்களின் குறும்படம் என்று ஏதாவது ஒன்று நடந்துகொண்டே இருக்கிறது. அரசுப் பள்ளிகளில் 2022-23 கல்வியாண்டில் தொடங்கிச் சிறார் திரைப்படங்களும் திரையிடப்படுகின்றன. படத்தை வெட்டி ஒட்டி முடித்ததும் எல்லோரும் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: “சார், பின்னணிக்கு என்ன மியூசிக் போடலாம்?” அந்தக் கேள்வியில் நான் ஒருமுறை நன்றாகச் சறுக்கி விழுந்திருக்கிறேன். அதைச் சொல்லத்தான் வந்தேன்.

எங்கே தொடங்குவது, எங்கே நிறுத்துவது

முதலில் வேலை எப்படி நடக்கிறது என்று சொல்லிவிடுகிறேன். படத்தொகுப்பு ஓரளவு முடிந்ததும் இயக்குநரும் நானும் உட்கார்ந்து முழுப் படத்தையும் பார்ப்போம். எந்த நொடியில் இசை தொடங்க வேண்டும், எந்த நொடியில் நிற்க வேண்டும் என்று ஒரு பட்டியல் போடுவோம். மெட்டு, வாத்தியம் எல்லாம் அதற்குப் பிறகுதான். என் அனுபவத்தில் இந்தப் பட்டியல்தான் பாதி இசை.

அடுத்து கணக்கு. கணித ஆசிரியர்கள் கவனிக்கவும். திரைப்படத்தில் ஒரு நொடிக்கு 24 சட்டங்கள். நிமிடத்துக்கு 60 தட்டு என்ற வேகத்தில் வாசித்தால் ஒரு தட்டுக்கு 24 சட்டம். 120 என்றால் 12 சட்டம். ஒரு காட்சி 40 நொடி ஓடுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். நிமிடத்துக்கு 90 தட்டு என்றால் 60 தட்டுகள் வரும். ஆதி தாளத்துக்கு எட்டால் வகுத்தால் ஏழரை ஆவர்த்தனம். காட்சி முடியும்போது தாளம் பாதியில் அந்தரத்தில் நிற்கும். வேகத்தை 96 ஆக்கினால் 64 தட்டு, சரியாக எட்டு ஆவர்த்தனம். விகிதமும் வகுத்தலும் எதற்கு என்று கேட்கும் பிள்ளைகளிடம் இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டலாம்.

கணக்கு சரியாக வந்தாலும் இசை தவறாகப் போகலாம். அங்கேதான் என் கதை வருகிறது.

ஞாயிற்றுக்கிழமை எடுத்த படம்

சில ஆண்டுகளுக்கு முன்பு நண்பர் ஒருவர் 18 நிமிடக் குறும்படம் ஒன்றை எடுத்தார். பனியன் கம்பெனியில் செக்கிங் பிரிவில் பிசிறு வெட்டும் ஒரு அக்காவின் ஒரு நாள்தான் கதை. எங்கள் வீதியில் குடியிருந்த அக்காவே தன்னைப் போல நடித்தார். வேலை நாளில் இடையூறாக இருக்கும் என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை படப்பிடிப்புக்குக் கம்பெனியைத் திறந்துவிட்டார்கள்.

ஞாயிறு என்பதால் மிஷின்கள் ஓடவில்லை. படத்தைப் போட்டுப் பார்த்தால் கம்பெனிக் காட்சி முழுக்க ஒரே வெறுமை. அந்த வெறுமையை நிரப்ப இயக்குநர், ஒரு பிரபலப் படத்தின் சோக வயலின் இசையைத் தற்காலிகமாக ஒட்டி வைத்திருந்தார். எங்கள் தொழிலில் இது ஒரு பெரிய பொறி. தற்காலிகமாக ஒட்டிய இசையைப் பத்து முறை கேட்டுவிட்டால், வேறு எந்த இசையும் அந்தக் காட்சிக்குப் பொருந்தாதது போலத் தோன்றும். நானும் அதே சாயலில் ஆறு நிமிடத்துக்கு வயலின் போட்டேன். ஒரு கலைஞரை அழைத்துப் பதிவும் செய்தோம். கேட்டவர்கள் கண் கலங்கினார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது.

எங்கள் வீதியிலேயே வெள்ளைத் துணியைக் கட்டிப் படத்தைத் திரையிட்டோம். முடிந்ததும் எல்லோரும் கை தட்டினார்கள். அந்த அக்கா மட்டும் என்னைத் தனியே கூப்பிட்டுக் கேட்டார்:

“ஏந் தம்பி, நான் சிரிச்சுப் பேசிட்டேதான வேலை செஞ்சேன்? அந்தப் பிடிலு எதுக்கு அழுகுது?”

என்னிடம் பதில் இல்லை. வீட்டுக்குப் போய்ப் படத்தை ஒலியில்லாமல் ஓட்டிப் பார்த்தேன். அவர் சொன்னது உண்மை. ஒரு காட்சியில்கூட அவர் அழவில்லை. கத்தரியை விரலில் சுழற்றுகிறார். பக்கத்தில் இருப்பவரைக் கிண்டல் செய்கிறார். பீஸ்களை எண்ணி அடுக்கும்போது அவர் கையில் அத்தனை லாவகம் இருக்கிறது. அவ்வளவையும் என் வயலின் மூடிவிட்டது. ‘ஐயோ பாவம்’ என்று ஆறு நிமிடம் நானே சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன். அவருடைய வேலையைப் பார்க்க வந்தவர்களை, அவர்மேல் இரக்கப்பட வைத்து அனுப்பிவிட்டேன்.

என் அம்மாவும் ஓவர்லாக் டெய்லர்தான். அந்த உழைப்பில் வளர்ந்த நானே இப்படிச் செய்தேன் என்பதுதான் எனக்கு உறுத்தியது.

மிஷின் நின்ற பிறகு

இரண்டாவது முறை ஒலிப்பதிவுக் கருவியை மட்டும் எடுத்துக்கொண்டு வேலை நாளில் போனேன். டீ நேரத்தை ஒட்டி ஒரு மணி நேரம் அனுமதித்தார்கள். கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். பிறந்ததிலிருந்து இந்தச் சத்தத்தில்தான் இருக்கிறேன். ஆனால் அன்றைக்குத்தான் காது கொடுத்துக் கேட்டேன்.

பல்லடம், மங்கலம் பக்கம் விசைத்தறிச் சத்தம் கேட்டிருப்பீர்கள். நாடா இப்படியும் அப்படியும் போக, ஒரே சீரான தாளம் நாள் முழுக்க ஓடும். பனியன் கம்பெனித் தையல் அப்படி அல்ல. மிதியை அழுத்தினால் ஓடும், காலை எடுத்தால் நிற்கும். சைடு அடிக்கும்போது நீண்ட ஓட்டம். கை ஏற்றும்போது வளைவுக்கு வளைவு நின்று நின்று ஓடும். ஒவ்வொரு டெய்லருக்கும் தனி நடை. நாற்பது பேர் சேர்ந்து தைக்கும்போது அது பெருமழை போலக் கேட்கும். ஒருவருக்குப் பக்கத்தில் மைக்கை வைத்தால் அவர் பேசுவது போலவே இருக்கும்.

டீக்கு மணி அடித்தது. மிஷின்கள் ஒவ்வொன்றாக நின்றன. மின்விசிறிச் சத்தம் மட்டும் மிஞ்சியது. அப்போது ஒன்றைக் கவனித்தேன். மிஷின் நின்ற பிறகும் கொஞ்ச நேரத்துக்கு எல்லோரும் கத்தியே பேசினார்கள். சத்தத்துக்குப் பழகிய குரல்கள் இறங்குவதற்குச் சில நொடிகள் ஆயின. பிறகு சிரிப்பு. அதற்கும் பிறகு, டீ டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு அந்த அக்கா ஏதோ ஒரு மெட்டை வார்த்தையில்லாமல் முனகினார். அவர் ஊர்க் கோயில் நோம்பியில் ஆடிய கும்மியின் மெட்டாம்.

ஆறு நிமிட வயலினை முழுவதும் எடுத்துவிட்டேன். மிஷின் மழையையும், அது அடங்குவதையும், உயர்ந்த குரல்கள் இறங்குவதையும் அப்படியே வைத்தேன். அந்த முனகலுக்குக் கீழே மட்டும் ஒரே ஒரு சுரத்தை மெல்லப் பிடித்து வைத்தேன். மொத்த இசை 35 நொடி.

மறுபடி போட்டுக் காட்டினோம். அக்கா பாராட்டவெல்லாம் இல்லை. “இப்பத்தான் எங்க கம்பெனி மாதிரி இருக்குது. ஆனா அந்த டீ மணி கொஞ்சம் சத்தம் பத்தலைங் தம்பி” என்றார். மணியைக் கூட்டி வைத்தேன்.

இசை எப்போது வேண்டும்?

அப்படியானால் பின்னணி இசையே தேவையில்லையா என்று கேட்பீர்கள். அப்படிச் சொல்ல மாட்டேன். சொன்னால் என் பிழைப்பு போய்விடும்.

இந்தியச் சுயாதீனப் படங்களுக்கு முன்னோடியான சத்யஜித் ரேயின் ‘பதேர் பாஞ்சாலி’ 1955இல் வெளிவந்தது. பண்டிட் ரவிசங்கர் அதற்கான இசையின் பெரும்பகுதியை ஒரே இரவில், ஏறத்தாழ 11 மணி நேரத்தில் வாசித்துப் பதிந்து கொடுத்தார். அப்படியும் ஒரு காட்சிக்கு இசை குறைந்தபோது, படத்தின் ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ராவே சிதார் வாசித்தார். குறைந்த பணத்தில் படம் எடுப்பவர்களுக்கு இது இன்றைக்கும் தெம்பு தரும் செய்தி.

அந்தப் படத்தில், வெளியூரிலிருந்து திரும்பும் தந்தை, மகள் துர்கா இறந்தது தெரியாமல் அவளுக்கு வாங்கி வந்த சேலையை மனைவியிடம் எடுத்துக் காட்டுகிறார். தாய் உடைந்து அழுகிறாள். ஆனால் அவள் அழுகுரல் நமக்குக் கேட்பதில்லை. அந்த இடத்தில் தார் ஷெனாய் என்ற, வில்லால் இசைக்கும் நரம்புக் கருவி உச்சத்தில் ஒலிக்கிறது. அங்கே இசை இரக்கத்தை மேலே பூசவில்லை. அந்தத் தாயின் குரலாகவே மாறிவிடுகிறது. அவள் உண்மையிலேயே அழுகிறாள் என்பதை மறந்துவிடாதீர்கள். நான் செய்தது, அழாதவரை அழ வைத்தது.

இன்னொரு எடுத்துக்காட்டு நம் ஊரோடு தொடர்புள்ளது. இயக்குநர் பி.எஸ். வினோத்ராஜ் பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டு, சிறு வயதில் திருப்பூர்ப் பனியன் கம்பெனிகளில் வேலை செய்தவர். பிறகு சென்னைக்குப் போய், டிவிடி கடையில் வேலை பார்த்துக்கொண்டே உலகப் படங்களைப் பார்த்துக் கற்றவர். அவருடைய முதல் படமான ‘கூழாங்கல்’ 2021இல் ராட்டர்டாம் திரைப்பட விழாவின் முதன்மைப் பரிசான டைகர் விருதைப் பெற்றது. குடிகாரத் தந்தை, வகுப்பில் இருக்கும் மகனைப் பள்ளியிலிருந்து அழைத்துக்கொண்டு கிளம்புவதில் கதை புறப்படுகிறது. ஆசிரியர்கள் அவசியம் பார்க்க வேண்டிய படம். இசை யுவன் சங்கர் ராஜா. எவ்வளவோ பாடல்கள் தந்த அவர், அந்தப் படத்தில் மிகக் குறைவாகவே வருகிறார். வெயிலும் காற்றும் காலடி ஓசையும்தான் நம்மை நடத்திச் செல்கின்றன. வினோத்ராஜின் அடுத்த படமான ‘கொட்டுக்காளி’ 2024இல் பெர்லின் விழாவில் திரையிடப்பட்டது. அதில் பின்னணி இசையே கிடையாது.

நம் பிள்ளைகளைப் போலவே இந்த ஊரின் மிஷின் சத்தத்தில் சிறு வயதைக் கழித்த ஒருவர், தன் மக்களைத் திரையில் காட்டும்போது ‘இவர்களைப் பார்த்து அழுங்கள்’ என்று இசையால் சொல்ல மறுக்கிறார். எனக்கு ஓர் அக்கா சொல்லிக் கொடுக்க வேண்டியிருந்த பாடம் அவருக்கு முன்பே தெரிந்திருக்கிறது.

ஒரு நிமிடப் பதிவு

இப்போது வகுப்பறைக்கு வருகிறேன். ஒரு நடுநிலைப் பள்ளியில் ஏழாம் வகுப்புப் பிள்ளைகளோடு குறும்படம் எடுக்க என்னை அழைத்தார்கள். கதைக்கு முன் ஒரு பயிற்சி வைத்தோம். என் சிறிய ஒலிப்பதிவுக் கருவியை நாளுக்கு ஒருவர் வீட்டுக்கு எடுத்துப் போக வேண்டும். வீட்டில் கேட்கும் சத்தத்தை ஒரே ஒரு நிமிடம் பதிந்து வர வேண்டும். மறுநாள் அதைக் கேட்டு, என்ன சத்தம் என்று வகுப்பே கண்டுபிடிக்க வேண்டும்.

பிள்ளைகளுக்குக் கொண்டாட்டம். குக்கர் விசில், அண்ணன் தங்கை சண்டை, விசைத்தறி, ஆட்டுக்குட்டி என்று விதவிதமாக வந்தன. பீகாரிலிருந்து வந்த குடும்பத்துப் பையன் ஒருவன், தன் தந்தை இரண்டு கையிலும் ரொட்டி தட்டும் சத்தத்தைக் கொண்டு வந்தான். ‘கை தட்டறாங்க’, ‘துணி துவைக்கறாங்க’ என்று வகுப்பே தவறாகச் சொன்னது. தமிழில் அதிகம் பேசாத அந்தப் பையன் எழுந்து, ஒவ்வொரு விடைக்கும் ‘இல்லை’, ‘இல்லை’ என்று சிரித்துக்கொண்டே சொன்னான். அன்றைக்கு அவன்தான் ஆசிரியர்.

பிறகு ஒரு சிறுமியின் பதிவு. மின்விசிறி ஓடுகிறது. தூரத்தில் நாய் குரைக்கிறது. வேறு எந்தக் குரலும் இல்லை. முக்கால் நிமிடம் ஆனதும் கைபேசி ஒலிக்கிறது. அவள் எடுத்துச் சொல்கிறாள்: “சாத்திட்டேன்மா. சாப்பிட்டேன். சரிம்மா.” அதோடு பதிவு முடிகிறது.

நல்ல வேளையாக அதை வகுப்பில் போடுவதற்கு முன்பு நானும் வகுப்பாசிரியையும் தனியாகக் கேட்டோம். ஆசிரியை சிறிது நேரம் பேசவில்லை. முதல் பாடவேளையில் தூங்கி வழிகிறாள் என்று அந்தச் சிறுமியைப் பலமுறை கண்டித்திருக்கிறார். அம்மா ஒன்றரை ஷிப்ட் முடித்து வரும்வரை அவள் தனியாக விழித்திருக்கிறாள் என்பது அன்றுதான் அவருக்குத் தெரிந்தது.

உங்களிடம் மறைக்காமல் சொல்கிறேன். அதைக் கேட்டவுடன் என் கை கீபோர்டைத் தேடியது. இதற்குக் கீழே ஒரு மெல்லிய இசை வைத்தால் எப்படி இருக்கும் என்று மனம் கணக்குப் போட்டது. படத்தின் உச்சமே இதுதான் என்று தோன்றியது. அக்கா கேட்ட கேள்வியை அதற்குள் மறந்துவிட்டேன்.

ஆசிரியைதான் சொன்னார்: “வேண்டாங்க சார். இது படத்துக்குன்னு அந்தப் புள்ள கொண்டு வரல. எங்கிட்டச் சொல்லத் தெரியாம கொண்டு வந்திருக்குது.”

பதிவை அழித்துவிட்டோம். ஆசிரியை சிறுமியிடம் எதுவும் கேட்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்மாவைப் பார்த்துப் பேசினார். அதே வளவில் இன்னொரு மாணவியின் வீடு இருந்தது. அம்மா வரும்வரை இருவரும் அங்கே சேர்ந்து படிப்பது என்று ஏற்பாடானது. பெரிய மாற்றம் எதுவும் நடந்துவிடவில்லை. முதல் பாடவேளைத் தூக்கம் குறைந்தது, அவ்வளவுதான். இதைப் பிற ஆசிரியர்களிடம் சொல்லலாம் என்று அம்மாவும் ஆசிரியையும் ஒப்புக்கொண்ட பிறகே, பள்ளியின் பெயரைத் தவிர்த்து இங்கே சொல்கிறேன்.

உங்கள் பள்ளிப் படத்துக்கு

கடைசியாக, நீங்கள் நாளைக்கே செய்யக்கூடிய சில.

ஒன்று, காட்சி எடுத்த இடத்திலேயே, யாரும் பேசாமல், ஒரு நிமிடம் அந்த இடத்தின் ஓசையைத் தனியாகப் பதிந்து வையுங்கள். பிறகு வெறுமையாகத் தோன்றும் இடங்களை இசையைவிட அது நன்றாக நிரப்பும்.

இரண்டு, இசை சேர்க்கும் முன்பு படத்தை ஒருமுறை ஒலியில்லாமலும், ஒருமுறை இயல்பான ஒலியோடு மட்டும் பாருங்கள். இசை இல்லாமலே புரியும் காட்சியை விட்டுவிடுங்கள்.

மூன்று, இசை வேண்டும் என்றால் பிள்ளைகளிடமே கேளுங்கள். பெஞ்சு, சத்துணவுத் தட்டு, பறை, கும்மி, முனகல் எல்லாம் உங்கள் பள்ளியில் இருக்கின்றன. திரைப்பாடலை எடுத்துப் போட்டுக் காணொலியைப் பொதுவில் ஏற்றினால் பதிப்புரிமைச் சிக்கல் வரும். நம் சட்டப்படி இசையமைப்பாளர் மறைந்து 60 ஆண்டுகள் வரை அவர் படைப்புக்கு உரிமை உண்டு. ஒலிப்பதிவுக்குத் தனி உரிமையும் உண்டு. பிள்ளைகள் தாங்களே உருவாக்கிய தாளத்துக்கு யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை.

நான்கு, இதுதான் முக்கியம். புது மிதிவண்டி வாங்கும் பிள்ளை, காலை உணவு சாப்பிடும் பிள்ளை, முதல் மதிப்பெண் வாங்கிய தொழிலாளியின் மகள் என்று நாம் நல்லெண்ணத்தோடுதான் காணொலி எடுக்கிறோம். அதற்குக் கீழே ஒரு சோக வயலினைப் போட்டதும், அந்தப் பிள்ளை பார்ப்பவர்களின் இரக்கத்துக்கு உரிய பொருளாகிவிடுகிறது. நாளைக்கு அதே பிள்ளை அதைத் தன் நண்பர்களோடு உட்கார்ந்து பார்க்கும். வெளியிடும் முன்பு அந்தப் பிள்ளைக்கும் பெற்றோருக்கும் போட்டுக் காட்டுங்கள். அவர்கள் முகம் சுருங்கினால் இசையை எடுத்துவிடுங்கள். தேவைப்பட்டால் காணொலியையே எடுத்துவிடுங்கள்.

எங்கள் வீதி அக்கா இப்போதும் செக்கிங் வேலைக்குத்தான் போகிறார். வழியில் பார்த்தால், “என்ன தம்பி, இப்ப எந்தப் படத்துல யார அழுக வெச்சுட்டிருக்கீங்க?” என்று கேட்பார். ஒவ்வொரு படத்துக்கும் பட்டியல் போட உட்காரும்போது அந்தக் கேள்விக்குத்தான் முதலில் பதில் தேடுகிறேன்.